கன்னடம் கண்ட கலைஞர் ராஜ்குமார்
(நமது சங்கக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



இன்று நாம் பேச எடுத்துக்கொண்ட பொருள் ஒரு சினிமா நடிகருடைய வரலாறு. "சங்கத்து மேடையிலே சினிமாவா?" என்று பெரியவர்கள் சிலர் முகஞ் சுளிப்பது நமக்குத் தெரிகிறது. சற்றுப் பொறுத்தருள வேண்டும். நாம் பேசப் போகின்ற மனிதர் முதன் முதலாகக் கதாநாயகனாக வேடம் பூண்டது எந்தப் பாத்திரத்தில் என்பதைக் கூறினால் அந்தச் சுளிப்பு மாறிவிடும். அவர் பூண்ட முதல் வேடம் நம்முடைய கண்ணப்ப நாயனாருடையது.

கன்னட நாட்டவர் "அண்ணாவரு" என்று வாயார அழைத்த ராஜ்குமார் அவர்களே அவர். பெற்றோர் இட்ட பெயர் முத்துராஜு. 1929 ஆம் ஆண்டு ஏப்ரில் 24 ஆந் திகதி பிறந்தார். தந்தை சிங்காநல்லூர் புட்டசாமையா, தாயார் லட்சுமம்மா. பிறந்த ஊராகப் பெரும்பாலும் சொல்லப்படுவது தாளவாடி மலைப் பக்கத்துக் காஜனூர். அக்காலத்தில் இவ்வூரும், தந்தையாரின் ஊராகிய சிங்காநல்லூரும், சென்னை மாகாணத்துக் கோயம்புத்தூர் மாவட்டத்திலேயே இருந்தன. 1956 இல் மொழிவழி மாநிலங்கள் வகுக்கப்பட்டபோது கொள்ளேகால் தாலுகா மைசூருக்குப் போயிற்று; தாளவாடி சென்னை மாநிலத்துடன் நின்றது. ஆகவே தந்தையூர் இன்று கருநாடகத்தில். காஜனூர் தமிழ்நாட்டு ஈரோடு மாவட்டத்தில். ஒரு குடும்பத்தின் இரண்டு ஊர்களுக்கு நடுவே ஒரு மாநில எல்லை விழுந்துவிட்டது. இந்தச் சிறு செய்தியை நினைவில் வைத்திருங்கள். பின்னர் நிகழ்ந்த ஒரு பெருந் துன்பத்துக்கு இந்த ஊரே களமாயிற்று.

புட்டசாமையா நாடகக்காரர். குப்பி வீரண்ணாவின் கொம்பனியில் இராவணன், இரணியன், கம்சன் முதலிய முரட்டு வேடங்களைக் கட்டிப் பெயரெடுத்தவர். குப்பி என்பது தும்கூர்ப் பக்கத்துச் சிற்றூர். அங்கே 1884 இல் தோன்றிய அந்நாடக சபை வீரண்ணாவின் காலத்தில் கன்னடத்தின் தலையாய கொம்பனியாக வளர்ந்தது. "குருக்ஷேத்திரம்" என்ற நாடகத்தில் மெய்யான யானைகளையும் குதிரைகளையும் மேடைக்குக் கொண்டுவந்து காட்டியவர்கள் அவர்கள். ஊர் ஊராகக் கொட்டகை போட்டு நடத்தும் அந்த வாழ்க்கையிலே சிறுவன் முத்துராஜு வளர்ந்தான். பள்ளிப்படிப்பு தொடக்க வகுப்புகளோடு நின்றது. பிறகு கிடைத்த கல்வியெல்லாம் கொட்டகைக் கல்வியே. பாட வேண்டும், வசனம் பிசகாமற் சொல்ல வேண்டும், பிறர் வேடத்தையும் மனப்பாடம் பண்ணி வைத்திருக்க வேண்டும். ஒலிபெருக்கி இல்லாத கொட்டகையில் கடைசி வரிசைக்காரனுக்கும் சொல் கேட்க வேண்டும். பிற்காலத்தில் ராஜ்குமாருடைய கன்னட உச்சரிப்பைப் பண்டிதர்களும் புகழ்ந்தார்களென்றால் அதற்கு வித்து இங்கேதான் விழுந்தது. பல்கலைக்கழகப் பட்டம் பெற்ற நம்மிற் பலர் நம்முடைய ழகரத்தை என்ன பாடு படுத்துகிறோம் என்பதை இவ்விடத்தில் எண்ணாமலிருக்க முடியவில்லை.

தம்பி வரதராஜுவும் அதே வழியில் வந்தவர். ராஜ்குமார் சுப்பையா நாயுடுவின் கொம்பனியிலும் நடித்தார். கன்னடத்தின் முதற் பேசும்படமாகிய "சதி சுலோசனா" 1934 இல் வெளிவந்தபோது அதில் இந்திரசித்தாக நடித்தவர் இந்தச் சுப்பையா நாயுடுவே. கன்னடப் பேசும்படம் வாய் திறந்து பேசிய முதற் கதை நம்முடைய இலங்கையில் நடந்த கதை என்பதைக் கேட்க நமக்கு ஒரு சந்தோஷம்.

இனிக் கண்ணப்பருக்கு வருவோம்.

1954 இல் எச். எல். என். சிம்ஹா என்ற இயக்குநர் "பேடர கண்ணப்பா" என்ற படத்தை எடுத்தார். பேடர் என்றால் வேடர். நாடக மேடையில் இருந்த முத்துராஜுவைத் தெரிந்தெடுத்து, ராஜ்குமார் என்ற பெயரைச் சூட்டியவரும் அவரே. உடன் நடித்தவர் பண்டரிபாய்; "பராசக்தி" பார்த்தவர்களுக்கு அவரை அறிமுகஞ் செய்ய வேண்டியதில்லை. அதற்கு முன்னர் சிறு பிள்ளையாகவும், பின் வாலிபனாகவும் ஓரிரு படங்களில் ராஜ்குமார் தலைகாட்டியதுண்டு. எனினும் அவரது திரை வாழ்வு தொடங்கியது காளத்தி வேடனாகத்தான். அப்படம் இந்திய அரசின் தகுதிச் சான்றிதழைப் பெற்றது. அதே ஆண்டில் அக்கதை "காளஹஸ்தி மகாத்மியம்" என்று தெலுங்கிலும் எடுக்கப்பட்டது. அதிலும் அவரே நடித்தார். கன்னடம் அல்லாத வேறு மொழியில் அவர் கதாநாயகனாக நடித்த படம் அது ஒன்றேயாகும். பின்னர் எத்தனையோ பேர் அழைத்தும் அவர் வேறு மொழிக்குப் போகவில்லை.

திண்ணனார் கதை நமக்குச் சேக்கிழார் வழி வந்தது. கன்னடத்தாருக்கு அது அரிகரர் என்ற கவிஞர் பாடிய ரகளை வழி வந்தது. நாம் அறுபத்துமூவர் என்று போற்றும் அடியார்களை அவர்கள் "புராதனர்" என்று போற்றுகின்றனர். வாயிலே நீரை நிரப்பிக்கொண்டு வந்து திருமஞ்சனம் ஆட்டுகிறான் வேடன். தான் மென்று பார்த்த இறைச்சியைப் படைக்கிறான். செருப்புக் காலால் மறுகண்ணின் இடத்தைக் குறித்துக்கொண்டு தன் கண்ணை இடந்து அப்புகிறான். இதை நடிப்பது எளிதன்று. சற்று மிகையானால் நகைப்புக்கு இடமாகிவிடும். சற்றுக் குறைந்தால் பக்தி தோன்றாது. கண்ணில் ஒரு கள்ளமின்மை இருந்தாலொழிய அந்த வேடம் நிற்காது. இருபத்தைந்து வயது நிரம்பிய அந்த நாடகக்கார வாலிபரிடம் அது இருந்தது.

கதையை முந்திக்கொண்டு ஒன்றைக் கூறிவிடுகிறோம். 1994 இல் பெங்களூரில் அவர் பெயரால் ஒரு கண் வங்கி தொடங்கப்பட்டது. தம்முடைய கண்களையும் அவர் எழுதிக் கொடுத்திருந்தார். 2006 இல் அவர் காலமானபோது அக்கண்கள் எடுக்கப்பட்டுப் பார்வையிழந்தவர்களுக்கு உதவின. 2021 அக்டோபர் 29 ஆந் திகதி அவருடைய கடைசி மகன் புனீத், நாற்பத்தாறு வயதிலே, மாரடைப்பால் மறைந்தார். அவர் கண்களும் அவ்வாறே கொடுக்கப்பட்டன. இளங் கலைஞனுடைய கண்கள் நால்வருக்குப் பார்வை தந்தன என்ற செய்தி பரவியதும், கருநாடகத்தில் ஆயிரக்கணக்கானோர் தம் கண்களை எழுதிக் கொடுக்க முன்வந்தனர். வேடனுடைய கண்ணைப் பற்றி நாம் குருபூசை தோறும் பேசுகிறோம். ஆனால் கண்தானப் பத்திரத்திற் கையொப்பமிட்டவர் நம் அவையில் எத்தனை பேர் என்று கேட்டால் விடை எப்படியிருக்குமோ அறியோம்.

அக்காலத்துக் கன்னடச் சினிமா சென்னையிலே குடியிருந்தது. படப்பிடிப்புக் கூடங்களும், இசைக்குழுக்களும், முதல் போடுவோரும் அங்கேதான். கன்னட மக்களோ மைசூர், பம்பாய், ஹைதராபாத், சென்னை, குடகு என்று பல ஆட்சிகளின் கீழ்ச் சிதறிக் கிடந்தனர். 1956 நவம்பர் முதலாந் திகதி அவர்களிற் பெரும்பகுதியினர் ஒரு மாநிலமாயினர். "கருநாடகம்" என்ற பெயர் 1973 இல்தான் வந்தது. ஒரே மொழி பேசியும் ஒன்றாக வாழ்ந்து பழகாத மக்களுக்கு, ஊர் தோறும் ஒரே முகமும் ஒரே குரலும் திரையில் தோன்றினால் அதன் பயன் என்ன என்று யோசித்துப் பாருங்கள். பீதரில் இருப்பவனும் மங்களூரில் இருப்பவனும் ஒருவரையே "நம்ம அண்ணா" என்றனர். ராஜ்குமார் மீது கன்னடர் வைத்த பற்றை வெறும் நடிகர் மோகமென்று தள்ளுவோர் இந்த வரலாற்றை அறியாதவர் என்பது நம் எண்ணம்.

வேலை குறைந்த நாட்களும் வந்தன. அப்போது ராஜ்குமார், ஜி. வி. ஐயர், பாலகிருஷ்ணா, நரசிம்மராஜு ஆகிய நால்வரும் கூடித் தாமே படமெடுக்கத் துணிந்தனர். அவ்வாறு பிறந்தது 1960 இல் வந்த "ரணதீர கண்டீரவா". மைசூர் அரசனுடைய வீரக்கதை. முதலாளிகள் அல்லாத நடிகர்கள் கைப்பொருளை ஒன்றுசேர்த்து எடுத்த படம்.

அதற்குப் பின் ஆண்டுக்குப் பல படங்களாக இருநூறுக்கு மேற்பட்டவற்றில் நடித்தார். எல்லாவற்றையும் நாம் சொல்லப் புகுந்தால் பொழுது விடிந்துவிடும். வகையை மட்டும் சொல்வோம். அடியார்களென்றால் கனகதாசர், கபீர், துக்காராம், பானை வனையும் கோரா கும்பார், மந்திராலயத்து ராகவேந்திரர். அரசர்களென்றால் புலிகேசி, கிருஷ்ணதேவராயர், கதம்ப குலத்து மயூரன். இவர்களுள் கிருஷ்ணதேவராயரை எடுத்தவர், தமிழில் "வீரபாண்டிய கட்டபொம்மன்", "கர்ணன்" ஆகியவற்றைத் தந்த பி. ஆர். பந்துலு. 1958 இல் வந்த "பூகைலாசா"வில் ராஜ்குமார் இராவணனாக நடித்தார். ஆன்மலிங்கத்தைக் கயிலையிலிருந்து கொண்டுவரப் புறப்பட்டுக் கோகர்ணத்தில் அதை இழந்த சிவபக்தனாகிய இராவணன் அவன். திருக்கோணமலையில் இராவணன் வெட்டைக் காட்டி வளர்ந்த நமக்கு அந்த இராவணன் அந்நியன் அல்லன். 1983 இல் தந்தையாரின் பழைய வேடமாகிய இரணியனைத் திரையில் அவர் பூண்டபோது, பிரகலாதனாக அவர் முன் நின்றவன் சொந்த மகனாகிய சிறுவன் புனீத்.

1965 இல் வந்த "சத்திய ஹரிச்சந்திரா"வைத் தனியே குறிப்பிட வேண்டும். நடிகமணி வைரமுத்துவின் மயான காண்டத்தைப் பார்த்து அழுதவர்கள் இங்கே இருக்கிறார்கள். அவர்களுக்கு அந்தச் சுடலைக் காட்சியை விளக்க வேண்டியதில்லை. குலத்தில் மேலேது கீழேது என்று கேட்கும் ஒரு பாட்டு அப்படத்திலே சுடலையில் எழுகிறது. அது இன்றும் கன்னட நாட்டில் எல்லோர் வாயிலும் இருக்கிறது.

சமூகப் படங்களில் தலையானவை இரண்டு. ஒன்று 1971 இல் வந்த "கஸ்தூரி நிவாசா". கொடுத்துக் கொடுத்தே வாழ்ந்த செல்வன் ஒருவன், எல்லாம் இழந்து, கடைசியில் தன்னிடம் எஞ்சிய வளர்ப்புப் புறாவை விற்று வீட்டுக்கு வந்தவளுக்கு விருந்திடுகிறான். வந்தவளோ தன் பிள்ளைக்காக அந்தப் புறாவைக் கேட்கத்தான் வந்திருந்தாள். இல்லை என்று சொல்ல அறியாத வாய் அன்று இல்லை என்று சொல்ல நேர்கிறது. அவ்வளவோடு உயிரும் போகிறது. இந்தக் கதை நம்மிற் பலருக்குத் தெரியும். சிவாஜி கணேசன் 1975 இல் நடித்த "அவன்தான் மனிதன்" இதுவே.

மற்றது 1972 இல் வந்த "பங்காரத மனுஷ்ய", அதாவது தங்கமான மனிதன். டி. கே. ராமராவின் நாவலைத் தழுவிச் சித்தலிங்கையா இயக்கியது. தமக்கையின் கணவன் இறந்துவிட, அவள் குடும்பத்தைத் தாங்க ஊருக்கு வருகிறான் ராஜீவன். கரடும் பாறையுமாய்க் கிடந்த நிலத்தைத் திருத்திக் கமஞ் செய்து பொன் விளைவிக்கிறான். ஊரே அவனைப் பார்த்துத் தழைக்கிறது. கடைசியில், தான் வளர்த்த மருமகனே பணத்தின் பேரால் அவனைச் சந்தேகித்து ஒரு சொல் சொல்லிவிடுகிறான். ராஜீவன் மறுமொழி பேசவில்லை. எழுந்து போய்விடுகிறான். பெங்களூரில் ஒரே கொட்டகையில் ஈராண்டு ஓடிய படம் இது. பட்டணத்து உத்தியோகத்தை விட்டு ஊருக்குத் திரும்பிக் கமத்தில் இறங்கிய வாலிபர் பலர் இப்படத்தைப் பார்த்து அம்முடிவுக்கு வந்ததாகச் சொல்வர். படித்தவுடன் கொழும்பையும், கொழும்பைப் பார்த்தவுடன் கனடாவையும் நினைக்கும் நம் பிள்ளைகளுக்கு ராஜீவனுடைய கதையைச் சொன்னால் என்ன சொல்வார்களோ! பெரியவர்கள் சிரிக்கிறார்கள், அவர்களுடைய பிள்ளைகள் எங்கே இருக்கிறார்கள் என்று நாம் கேட்கப் போவதில்லை.

இவற்றோடு துப்பறியும் சி. ஐ. டி. 999 ஆகத் துப்பாக்கி பிடித்த படங்களும் உண்டு. அவற்றைக் கடந்து போவோம். நம்மவர் அறியாமலே பார்த்த ராஜ்குமார் கதைகள் இன்னும் பல. சிவாஜியின் இருநூறாவது படமாகிய "திரிசூலம்" கன்னடத்துச் "சங்கர் குரு". ரஜினிகாந்தின் "பொல்லாதவன்", "புதுக்கவிதை", "மன்னன்" மூன்றும் ராஜ்குமார் படங்களிலிருந்து வந்தவையே.

திரையில் புகைப்பதையும் குடிப்பதையும் அவர் தவிர்த்தார். தம்மைப் பார்த்துப் பிள்ளைகள் பழகுவர் என்ற அச்சம் அவருக்கு இருந்தது. இரசிகர்களை "அபிமானி தேவருகளே" என்று விளிப்பது வழக்கம். இரசிகர்களைத் தெய்வங்களே என்று அழைத்த நடிகர் வேறு யாரையும் நாம் கேள்விப்பட்டதில்லை. ஐம்பது வயதை நெருங்கும்போது யோகாசனம் பயிலத் தொடங்கி, "காமன பில்லு" என்ற 1983 ஆம் ஆண்டுப் படத்தில் அவர் செய்து காட்டிய ஆசனங்கள் வாலிபர்களையே வெட்கப்படுத்தும்.

இனி அவர் குரல்.

இருபது ஆண்டுக் காலம் ராஜ்குமாருக்குத் திரையிற் பாடியவர் பி. பி. ஸ்ரீநிவாஸ். ஜெமினி கணேசனுக்காக அவர் தமிழிற் பாடிய பாடல்களை இலங்கை வானொலியிற் கேட்டு வளர்ந்த தலைமுறை இங்கே அமர்ந்திருக்கிறது. தாம் வெறும் சரீரம், ஸ்ரீநிவாஸே தம்முடைய சாரீரம் என்று ராஜ்குமார் சொல்வது வழக்கம். வடமொழிச் சொல்லிரண்டில் ஒரு நெடில்தான் வேற்றுமை. தமக்குப் பாடத் தெரியும் என்பதை அறிந்திருந்த ஒருவர் இருபது ஆண்டுகள் இவ்வாறு இன்னொருவரைப் பாடவிட்டுப் பணிந்திருந்தார் என்பதை வாலிபர்கள் கவனிக்க வேண்டும். 1959 இல் "மகிஷாசுர மர்த்தினி"யில் எஸ். ஜானகியோடு ஒரு பாட்டுப் பாடியதுண்டு, அவ்வளவுதான். 1974 இல் "சம்பத்திகே சவால்" படத்துக்கு இசையமைத்த ஜி. கே. வெங்கடேஷ் அவரையே பாடச் செய்தார். நம் இளையராஜா உதவியாளராக இருந்து தொழில் பயின்றது இந்த வெங்கடேஷிடந்தான். எருமையின் மேல் அமர்ந்துகொண்டு கதாநாயகன் பாடும் அப்பாட்டு நாடெங்கும் பரவிற்று. அதன்பின் தமக்குத் தாமே பாடலானார். நாடகக் கொட்டகையில் பாடிக்கொண்டே நடித்தவருக்கு, தம் குரல் தம்மிடம் திரும்பி வந்தது போலாயிற்று.

ஸ்ரீநிவாஸோடு பகை வந்ததோ என்றால் இல்லை. 1977 இல் வந்த "பப்ருவாகனா"வில் தந்தை அருச்சுனனும் மகன் பப்ருவாகனனும் போர்க்களத்திற் பாட்டாலேயே வாதிடுகின்றனர். இரண்டு வேடமும் ராஜ்குமாருடையது. ஒரு குரல் ராஜ்குமார், மறு குரல் ஸ்ரீநிவாஸ். அந்தப் பாட்டைக் கேட்டவர் அவர்கள் நட்பைப் பற்றி வேறு சான்று தேட மாட்டார். அதே ஆண்டில் "சனாதி அப்பண்ணா"வில் நாதசுரம் போன்ற வாத்தியம் வாசிக்கும் கலைஞனாக நடித்தபோது, பின்னிருந்து ஷெனாய் வாசித்தவர் உஸ்தாத் பிஸ்மில்லா கான்.

1992 இல் வந்த "ஜீவன சைத்ரா"வில் உபேந்திரகுமார் இசையில், தோடி இராகத்தை அடியொற்றி, நாதத்தைப் போற்றும் ஒரு பாட்டை அவர் பாடினார். அதற்கு அவ்வாண்டின் சிறந்த பின்னணிப் பாடகருக்குரிய தேசிய விருது கிடைத்தது. நடிப்புக்காகக் கிடைக்காத தேசிய விருது அறுபது வயதைத் தாண்டிய பின் பாட்டுக்காகக் கிடைத்தது. தோடியில் நம் வித்துவான்கள் செய்வதோடு ஒப்பிட்டு எடை போடுவது முறையன்று. சினிமாப் பாட்டுக்குள் அவ்வளவு கனமான இராகத்தைப் பாமரனும் முணுமுணுக்கும்படி வைத்தாரே, அது பெரிது. ராகவேந்திர சுவாமிகள் மீது அவர் பாடிய பக்திப் பாடல்கள் வியாழக்கிழமை தோறும் கன்னட வீடுகளில் ஒலிக்கின்றன.

ஏனைய விருதுகளை ஒரு மூச்சிற் சொல்லிவிடலாம். 1976 இல் மைசூர்ப் பல்கலைக்கழகத்தின் கௌரவ டொக்டர் பட்டம், 1983 இல் பத்மபூஷண், 1992 இல் கருநாடக ரத்தினம், 1995 ஆம் ஆண்டுக்குரிய தாதாசாகிப் பால்கே விருது. வீட்டையும் பணத்தையும் பார்த்துக்கொண்டவர் மனைவியார் பார்வதம்மா. 1975 இல் "திரிமூர்த்தி"யோடு படத் தயாரிப்பில் இறங்கி, அத்துறையில் ஆடவர் பலரை விஞ்சினார். 2017 இல் காலமானார்.

பொதுவாழ்விலே அவர் இறங்கிய காலம் ஒன்றுண்டு. பாடசாலைகளிற் கன்னடத்தை முதன்மொழியாக்க வேண்டுமென்று வி. கே. கோகாக் தலைமையில் அமைந்த குழு சிபாரிசு செய்தது. அதை நிறைவேற்ற அரசு தயங்கியது. எழுத்தாளர்கள் கிளர்ந்தனர், கூட்டம் சேரவில்லை. 1982 இல் ராஜ்குமாரை அழைத்தனர். அவர் ஊர் ஊராகச் சென்று பேசினார், மக்கள் திரண்டனர். அடுத்த ஆண்டுத் தேர்தலில் ஆளுங் கட்சி தோற்றது. தமிழ்நாட்டில் எம். ஜி. ஆர். அரசாண்டுகொண்டிருந்த, ஆந்திரத்தில் என். டி. ஆர். அரியணை ஏறிய காலம் அது. ராஜ்குமார் விரலசைத்திருந்தால் ஒரு கட்சி எழுந்திருக்கும். அவர் அசைக்கவில்லை. தேர்தலில் நிற்கவுமில்லை. இதை அவருடைய பலவீனம் என்பாரும் உளர். ஒருவன் தன் தொழில் இன்னதென்று அறிந்து அதில் நிற்பதைப் பலவீனமென்று சொல்ல நமக்கு மனம் வரவில்லை.

காஜனூரை நினைவில் வைத்திருக்கச் சொன்னோம். 2000 ஆம் ஆண்டு ஜூலை 30 ஆந் திகதி இரவு, அவ்வூரில் தாம் புதிதாகக் கட்டிய வீட்டில் அவர் இருந்தபோது, வீரப்பன் ஆட்களோடு வந்து அவரையும், மருமகனையும், வேறு இருவரையும் காட்டுக்குக் கொண்டுபோனான். 1973 இல் "கந்தத குடி" என்ற படத்தில், சந்தனக் காட்டைக் காக்கும் வனத்துறை அதிகாரியாக நடித்தவர் அவர். எழுபத்தொரு வயதிலே சந்தன மரக் கொள்ளையனிடம் அதே காட்டிற் சிறைப்பட்டார். நூற்றெட்டு நாட்கள்! உருத்திராட்சத்தில் எண்ணிச் செபிக்கும் எண்ணிக்கை அது.

அவன் விதித்த நிபந்தனைகளுள் காவேரி நீர், சிறையிலிருந்தோரின் விடுதலை, பெங்களூரிலே திருவள்ளுவர் சிலையைத் திறத்தல் என்பனவும் இருந்தன. பெங்களூரிலே இலட்சக்கணக்கான தமிழர் வாழ்கின்றனர். 1991 இல் காவேரிப் பிணக்கின்போது அங்கு தமிழர் வீடுகளும் கடைகளும் எரிந்தன. அந்த முதியவருக்குக் காட்டிலே ஒன்று நேர்ந்திருந்தால் பெங்களூர்த் தமிழனுடைய கதி என்னவாகியிருக்கும்? ஒரு கலவரத்தில் தன் பெயரைச் சொல்லப் பயந்து ஒளிந்திருப்பது எத்தகையது என்பதை இந்த அவைக்கு நாம் சொல்லத் தேவையில்லை. தமிழின் பெயரால் ஒருவன் துப்பாக்கியை நீட்ட, அதன் விலையை வேறெங்கோ வாழும் ஏழைத் தமிழன் கொடுக்கும்படியான நிலை அன்று இருந்தது. இரண்டு முதலமைச்சர்களும், கிருஷ்ணாவும் கருணாநிதியும், கலந்து பேசினர். "நக்கீரன்" கோபால் தூது போனார், பின்னர் பழ. நெடுமாறனும் சென்றார். நவம்பர் 15 ஆந் திகதி ராஜ்குமார் உயிரோடு திரும்பினார். வீரப்பன் 2004 இல் சுட்டுக் கொல்லப்பட்டான். கடத்தல் வழக்கில் எஞ்சியிருந்த ஒன்பது பேரையும் 2018 இல் கோபிசெட்டிபாளையம் நீதிமன்றம் விடுவித்தது.

2006 ஏப்ரில் 12 ஆந் திகதி, பெங்களூர் வீட்டில் மாரடைப்பால் ராஜ்குமார் காலமானார். எழுபத்தேழு நிரம்பப் பன்னிரண்டு நாட்கள் இருந்தன. அதன்பின் நடந்ததைச் சொல்லாமல் விடுவது நேர்மையாகாது. அபிமான தேவர்கள் என்று அவர் அழைத்தவர்களிற் சிலர் தெருவில் இறங்கி வண்டிகளைக் கொளுத்தினர், கல்லெறிந்தனர். பொலிசார் சுட்டனர். கலவரத்தில் எட்டுப்பேர் மாண்டனர். அவர்களுள் ஒருவர் பொலிஸ்காரர். பிள்ளைகள் பார்த்துப் பழகுவார்களே என்று சுருட்டைக்கூடக் கையிலெடுக்க அஞ்சிய மனிதருக்கு இதுவா அஞ்சலி? துக்கத்தையும் கோபத்தையும் பிரித்தறிய இயலாத கூட்டம் அன்று தெருவில் நின்றது. முன்னேற்பாடு செய்யாத அரசும் பழியைப் பகிரவேண்டும்.

பதினைந்து ஆண்டு கழித்துப் புனீத் இறந்தபோது அரசு விழித்திருந்தது. பொதுமக்கள் வரிசையில் நின்று பார்க்க விளையாட்டரங்கு ஒதுக்கப்பட்டது. குடும்பத்தார் அமைதி வேண்டினர். இலட்சக்கணக்கானோர் வந்து, அழுது, திரும்பினர். தந்தையின் மறைவிற் கற்ற பாடம் மகனுடைய மறைவிற் பயன்பட்டது எனலாம்.

பதினெட்டு ஆண்டுகள் துணி போர்த்தி நின்ற திருவள்ளுவர் சிலை 2009 ஆகஸ்ட் 9 ஆந் திகதி பெங்களூர் அல்சூர் ஏரிக்கரையில் திறக்கப்பட்டது. நான்கு நாள் கழித்துக் கன்னடக் கவி சர்வக்ஞர் சிலை சென்னையிலே திறக்கப்பட்டது. ராஜ்குமார் அதைக் காண இருக்கவில்லை. நகரின் மறுபக்கத்தில், கண்டீரவா படப்பிடிப்புக் கூடத்து வளவிலே அவரும், அருகே பார்வதம்மாவும், புனீத்தும் அடக்கஞ் செய்யப்பட்டிருக்கின்றனர். யாத்திரை போகிற அன்பர்கள் பெங்களூரில் ஒரு நாள் தங்குவதானால் இரண்டு இடங்களையும் பார்த்து வரலாம். போகுமுன் "கஸ்தூரி நிவாசா"வை ஒருமுறை பார்த்துவிட்டுப் போங்கள். கறுப்பு வெள்ளைப் படத்துக்கு நிறமூட்டி 2014 இல் மீண்டும் வெளியிட்டிருக்கிறார்கள். மொழி புரியாவிட்டாலும் பாதகமில்லை. கதை உங்களுக்குத் தெரியும்.